காவலரின் சட்டைக்குள் ஒரு கணக்கு

இன்று நாம் ஒரு கோட்டை வாசலுக்குப் போகப் போகிறோம். பயப்பட வேண்டாம். வாசலில் நிற்கும் காவலர் நம்மை ஒன்றும் செய்ய மாட்டார். அவர் கணினிக்குள் நிற்கிறார்.

அந்தக் கோட்டையின் பெயர் வைட்ரன். 'ஸ்கைரிம்' என்ற கற்பனை விளையாட்டில் வரும் ஊர் அது. அமெரிக்காவின் பெத்தெஸ்டா கேம் ஸ்டூடியோஸ் உருவாக்கி, 2011 நவம்பர் 11 அன்று வெளிவந்த விளையாட்டு. பனிமலை, டிராகன், பழைய கோட்டைகள் என்று பரந்து கிடக்கும் ஒரு நாடு. ஒன்று மட்டும் சொல்லிவிடுகிறேன். அமெரிக்காவில் இந்த விளையாட்டுக்கு 17 வயது நிரம்பியவர்களுக்கு உரியது என்று முத்திரை குத்தியிருக்கிறார்கள். ஆகவே அதை ஆடுவது இப்போது நம் வேலை இல்லை. வாசல்வரை போவோம், காவலரை நன்றாகப் பார்ப்போம், திரும்பி வந்துவிடுவோம். சம்மதமா?

இதோ நிற்கிறார். மேலிருந்து கீழே பாருங்கள்.

தலையில் இரும்புத் தலைக்கவசம். முகம் முழுக்க மூடியிருக்கிறது, கண்ணுக்கு மட்டும் திறப்பு. உடம்பில் இரும்பு வளையங்களால் கோத்த சட்டை. அதற்கு மேலே மார்பின் குறுக்காகச் சுற்றிய கனமான மஞ்சள் துணி. இடுப்பில் தோல் வார். கையில் வட்டக் கேடயம், அதில் ஒரு குதிரைத் தலை. இடுப்பில் வாள். சில காவலர்களின் முதுகில் வில்லும் அம்பறாத்தூணியும்.

பக்கத்தில் இன்னொரு காவலர் நிற்கிறார். அவரும் அப்படியே. மதில்மேல் நடக்கிறவரும் அப்படியே!

இங்கேதான் உங்களில் கெட்டிக்காரர் ஒருவர் கையைத் தூக்குவார் என்று எனக்குத் தெரியும். "எல்லாரும் ஏன் ஒரே மாதிரி இருக்கிறார்கள்? ஏன் யாருக்குமே முகம் தெரியவில்லை?"

சபாஷ்! அதுதான் கேள்வி. பெரியவர்கள் பலர் இந்த வாசலை நூறு தடவை கடந்து போயிருப்பார்கள். நின்று இதைக் கேட்டவர்கள் குறைவு.

பதில் சொல்வதற்கு முன், கணினிக்குள் ஒரு மனிதரை எப்படிச் செய்கிறார்கள் என்று பார்த்துவிடலாம்.

நீங்கள் பட்டம் கட்டியிருப்பீர்கள். முதலில் மூங்கில் குச்சியை வளைத்து ஒரு சட்டம். பிறகு அதன்மேல் வண்ணக் காகிதம். சட்டம் இல்லாவிட்டால் பட்டத்துக்கு வடிவம் இல்லை. காகிதம் இல்லாவிட்டால் நிறம் இல்லை. நம் காவலரும் அப்படித்தான். அவருடைய சட்டம் மூங்கில் இல்லை, முக்கோணங்கள். ஆயிரக்கணக்கான சின்னச் சின்ன முக்கோணங்களை விளிம்போடு விளிம்பு ஒட்டி, கை, கால், தோள் என்று உருவாக்குகிறார்கள். இதற்கு மெஷ் என்று பெயர். அதன்மேல் ஒட்டுகிற காகிதம் ஒரு படம். அதை டெக்ஸ்சர் என்பார்கள். மஞ்சள் துணி, தோல் வார், இரும்பின் கீறல் எல்லாம் அந்தப் படத்தில்தான் இருக்கின்றன.

மெஷ் என்றால் சட்டம், டெக்ஸ்சர் என்றால் காகிதம். மனதில் பதிந்ததா? இனி இந்த இரண்டு சொற்களும் அடிக்கடி வரும்.

இப்போது கொஞ்சம் பெருக்கல். பென்சில் எடுத்துக்கொள்ளுங்கள்.

ஒரு டெக்ஸ்சர், அகலத்தில் 1024 புள்ளிகளும் உயரத்தில் 1024 புள்ளிகளும் கொண்டது என்று வைத்துக்கொள்வோம். மொத்தம் எத்தனை புள்ளிகள்? 10,48,576. ஒவ்வொரு புள்ளிக்கும் நிறத்தை எழுதி வைக்க 4 பைட் இடம் வேண்டும். அப்படியானால் ஒரு படத்துக்கு 4 மெகாபைட்.

4 மெகாபைட்தானே என்று தோன்றும். பொறுங்கள். ஊரில் 20 காவலர்கள். ஆளுக்கு ஒரு தனி உடை கொடுத்தால் 80 மெகாபைட். ஆளுக்கொரு முகம், ஆளுக்கொரு கேடயம், ஆளுக்கொரு தலைக்கவசம் என்று போனால் கணக்கு எங்கேயோ போய்விடும்.

ஸ்கைரிம் வந்தபோது அது ஓடிய இயந்திரங்களில் ஒன்று எக்ஸ்பாக்ஸ் 360. அதன் மொத்த நினைவகம் 512 மெகாபைட். இன்னொன்று பிளேஸ்டேஷன் 3. அதில் 256 மெகாபைட் ஒரு பக்கம், 256 மெகாபைட் இன்னொரு பக்கம். இன்று உங்கள் வீட்டில் இருக்கும் சாதாரணக் கைப்பேசியில்கூட இதைப்போலப் பல மடங்கு இருக்கும். அந்த 512-க்குள்தான் மலை, பனி, ஆறு, மரம், வீடு, டிராகன், இசை, பேச்சு எல்லாம் அடங்க வேண்டும். காவலர்களுக்கு மட்டும் வாரிக் கொடுத்துவிட்டால் மலைக்கு இடம் ஏது?

படங்களைச் சுருக்கி வைக்கும் வழி ஒன்று உண்டு. நல்ல முறையில் சுருக்கினால் 4 மெகாபைட் படம் அரை மெகாபைட் ஆகிவிடும், அதாவது எட்டில் ஒரு பங்கு. ஆனாலும் போதாது. ஆகவே அதைவிடப் பெரிய சிக்கனம் ஒன்றைச் செய்கிறார்கள். ஒரே உடையை எல்லாருக்கும் கொடுத்துவிடுகிறார்கள்! இருபது காவலர்கள் நின்றாலும் நினைவகத்தில் அந்த மெஷ் ஒரே ஒரு தடவைதான் இருக்கும். அந்த டெக்ஸ்சரும் ஒரே ஒரு தடவைதான். கணினி அதையே எடுத்து இங்கே ஒருவர், அங்கே ஒருவர் என்று இருபது இடத்தில் வரைகிறது. இருபது பேருக்கு ஆகும் இடம், ஒருவருக்கு ஆகும் இடம்தான்.

காவலர்களுக்குச் சீருடை என்றால் நமக்குச் சந்தேகமே வராது, இல்லையா? கடைவீதியில் நடக்கும் எல்லாரும் ஒரே சட்டை போட்டிருந்தால் "இதென்ன கூத்து" என்போம். காவலர்கள் ஒரே மாதிரி இருந்தால் "ஆமாம், அப்படித்தானே இருக்க வேண்டும்" என்போம். இயந்திரத்தின் வசதியும் கதையின் நியாயமும் ஒரே சட்டைக்குள் வந்து உட்கார்ந்துகொண்டன. இதை யோசித்தவர்களின் கெட்டிக்காரத்தனம் எனக்கு மிகவும் பிடித்திருக்கிறது.

ஸ்கைரிம் நாட்டில் ஒன்பது வட்டாரங்கள். ஒவ்வொரு வட்டாரத்துக்கும் ஒரு தலைநகர், ஒரு தலைவர், ஒரு காவல்படை. வைட்ரனுக்கு மஞ்சள், குதிரை. சாலிட்யூடுக்குச் சிவப்பு, ஓநாய். ரிஃப்டனுக்கு ஊதா, குறுக்காக வைத்த இரண்டு வாள்கள். மார்கார்த்துக்குப் பச்சை, செம்மறிக்கடா. விண்ட்ஹெல்முக்கு நீலம், கரடி. ஃபால்க்ரீத் கேடயத்தில் மான் இருக்கும். விண்டர்ஹோல்டுக்கு மகுடம், டான்ஸ்டாருக்கு நட்சத்திரம்.

இந்தக் காவலர்களை வரிசையாக நிறுத்திப் பார்த்தால் ஒரு ரகசியம் தெரியும். பெரும்பாலும் உடையின் வெட்டு ஒன்றேதான். அதே வளையச் சட்டை, அதே குறுக்குத் துணி. நிறம்தான் மாறியிருக்கிறது. ஒரே அச்சில் சட்டம் கட்டி, மஞ்சள் காகிதம் ஒட்டினால் ஒரு பட்டம், சிவப்புக் காகிதம் ஒட்டினால் இன்னொரு பட்டம்!

இது புதிய வித்தை இல்லை. 1985-இல் வந்த 'சூப்பர் மாரியோ பிரதர்ஸ்' விளையாட்டில் வானத்தில் வெள்ளை மேகம் இருக்கும், தரையில் பச்சைப் புதர் இருக்கும். இரண்டும் ஒரே வடிவம். நம்ப முடியவில்லையா? அடுத்த முறை மாரியோவைப் பார்க்கும்போது மேகத்தையும் புதரையும் உற்றுப் பாருங்கள். அந்த வளைவுகள் அப்படியே ஒத்துப்போகும்.

சரி, இதுவரை சுலபம். இனி வருவது கொஞ்சம் நுட்பம். மெதுவாகப் போவோம்.

காவலரின் வளையச் சட்டைக்கு வாருங்கள். உண்மையான வளையச் சட்டை ஒன்றில் பல்லாயிரம் இரும்பு வளையங்கள் இருக்கும். ஒவ்வொரு வளையத்தையும் பக்கத்து வளையங்களுக்குள் நுழைத்துக் கோப்பார்கள். சட்டை முழுவதும் சுமார் 10 கிலோ கனக்கும். ஐரோப்பாவில் ஆயிரம் ஆண்டுகளுக்கும் மேலாகப் போர்வீரர்கள் இதைப் போட்டிருக்கிறார்கள்.

ஒரு வளையத்தை ஓரளவு உருண்டையாகச் செய்ய 50 முக்கோணங்கள் வேண்டும் என்று வைத்துக்கொள்வோம். வளையங்கள் 20,000 என்றால்? பத்து லட்சம் முக்கோணங்கள்! ஒரே ஒரு சட்டைக்கு! அதையும் ஒரு வினாடிக்கு 30 தடவை வரைந்தாக வேண்டும். பழைய எக்ஸ்பாக்ஸ் அந்த இடத்திலேயே மூச்சு வாங்கி உட்கார்ந்துவிடும்.

அப்படியானால் விளையாட்டில் நாம் பார்க்கிற வளையங்கள் எப்படி வந்தன?

அவை வளையங்களே இல்லை! காவலரின் மார்பு வழுவழுவென்ற சாதாரணப் பரப்பு. அதில் மேடும் இல்லை, பள்ளமும் இல்லை. நம் கண் ஏமாறுகிறது.

கண் எப்படி ஏமாறுகிறது என்று தெரிய, இப்போதே ஒரு சோதனை. ஒரு பத்து ரூபாய் நாணயம், ஒரு டார்ச் லைட், இருட்டான அறை, இவ்வளவு போதும். முதலில் நாணயத்துக்கு நேர் எதிரே டார்ச்சைப் பிடியுங்கள். சிங்க முத்திரை தட்டையாக, மங்கலாகத் தெரியும். இப்போது டார்ச்சைத் தாழ்த்தி, நாணயத்தின் பக்கவாட்டில் இருந்து வெளிச்சம் அடியுங்கள். சட்டென்று சிங்கங்கள் எழும்பி நிற்கும்! ஒவ்வொரு சின்ன மேட்டிலும் விளக்கைப் பார்த்திருக்கும் பக்கம் பளிச்சென்று இருக்கும். விளக்குக்கு முதுகைக் காட்டும் பக்கம் இருண்டிருக்கும்.

கவனித்தீர்களா? இது மேடு, இது பள்ளம் என்று நம் மூளை முடிவு செய்வது அந்த வெளிச்சத்தையும் இருட்டையும் வைத்துத்தான். ஆகவே கணினி மேட்டைச் செய்ய வேண்டியதில்லை. மேடு இருந்தால் வெளிச்சம் எப்படி விழுமோ, அப்படி வெளிச்சத்தைப் போட்டுவிட்டால் போதும்.

அதற்காகக் காவலருக்கு இரண்டாவதாக ஒரு படம் வைத்திருக்கிறார்கள். அதன் பெயர் நார்மல் மேப். இந்தப் படத்தில் இருப்பது நிறம் இல்லை, திசை. "இந்தப் புள்ளி எந்தப் பக்கம் பார்த்துச் சாய்ந்திருக்கிறது?" என்பதைக் குறித்து வைத்த படம்.

திசையை எப்படிப் படத்தில் எழுதுவது? கணினியில் ஒவ்வொரு புள்ளியும் சிவப்பு, பச்சை, நீலம் என்ற மூன்று எண்களால் ஆனது. ஒவ்வொன்றும் 0 முதல் 255 வரை. நார்மல் மேப்பில் அந்த மூன்று எண்களுக்கும் வேறு வேலை கொடுத்துவிட்டார்கள். சிவப்பு எண், இடது வலது சாய்வைச் சொல்லும். பச்சை எண், மேலே கீழே சாய்வைச் சொல்லும். நீல எண், எவ்வளவு நேராக வெளியே பார்க்கிறது என்று சொல்லும்.

ஒரு புள்ளி எந்தப் பக்கமும் சாயாமல் நேராக இருந்தால்? சிவப்பு நடுவில், 128. பச்சையும் நடுவில், 128. நீலம் முழுதாக, 255. இந்த மூன்றையும் கலந்தால் ஓர் இளம் ஊதா கலந்த நீலம் வரும். வீட்டில் கணினி இருந்தால் ஏதாவது ஓவியச் செயலியில் நிறத்துக்கான பெட்டியைத் திறந்து 128, 128, 255 என்று போட்டுப் பாருங்கள். விளையாட்டு ஓவியர்களின் திரையில் நாள் முழுக்கத் தெரியும் நிறம் அதுதான். நார்மல் மேப் எல்லாமே அந்த ஊதா நீலத்தில் மிதக்கும். வளையத்தின் விளிம்பு வரும் இடத்தில் மட்டும் கொஞ்சம் சிவப்போ பச்சையோ தலைகாட்டும்.

காவலர் சூரியனைப் பார்த்துத் திரும்பும்போது கணினி இந்தப் படத்தைப் புரட்டிப் பார்க்கிறது. இந்தப் புள்ளி சூரியனைப் பார்க்கிறதா? பளிச்சென்று வரை. வேறு பக்கம் பார்க்கிறதா? இருட்டாக வரை. அவ்வளவுதான். சட்டையில் ஆயிரம் வளையங்கள் மின்னுகின்றன. ஒரு வளையம்கூட அங்கே இல்லை!

புரியவில்லை என்றால் நாணயச் சோதனைக்குத் திரும்பிப் போய் இந்தப் பகுதியை இன்னொரு தடவை படியுங்கள். தவறே இல்லை. நல்ல விஷயங்களை இரண்டு தடவை படிக்கத்தான் வேண்டும்.

இந்த ஏமாற்று வேலையைக் கையும் களவுமாகப் பிடிக்க ஒரு வழி இருக்கிறது. காவலரின் மார்பை நேராகப் பார்க்காதீர்கள். அவருடைய கையின் ஓரத்தை, பின்னால் வானம் தெரியும்படி, பக்கத்தில் இருந்து பாருங்கள். உண்மையான வளையச் சட்டை என்றால் அந்த ஓரம் சொரசொரவென்று இருக்கும். இங்கே கத்தியால் வெட்டிய மாதிரி நேர்க்கோடாக இருக்கும். நார்மல் மேப் வெளிச்சத்தைத்தான் மாற்றும், வடிவத்தை மாற்றாது. இதைத் தெரிந்துகொண்டால் எந்த விளையாட்டைப் பார்த்தாலும் உங்கள் கண் ஓரத்தைத் தேடும்.

இனி முகத்துக்கு வருவோம். கையைத் தூக்கியவர் வெகு நேரமாகக் காத்திருக்கிறார்!

முகம் ரொம்பச் செலவு வைக்கும் சமாச்சாரம். உதடு பேச்சுக்குத் தகுந்தபடி அசைய வேண்டும், கண் சிமிட்ட வேண்டும், புருவம் ஏறி இறங்க வேண்டும், தலைமுடி வேண்டும். அதோடு, மனிதர்களாகிய நாம் முகத்தைப் பார்ப்பதில் மகா கெட்டிக்காரர்கள். ஒரே முகம் இரண்டு பேரிடம் இருந்தால் உடனே கண்டுபிடித்துவிடுவோம். தலைக்கவசத்தை மாட்டிவிட்டால் இந்தத் தொல்லை எல்லாம் போயிற்று. ஸ்கைரிமில் தலை, உடல், கை, பாதம், கேடயம் என்று ஒவ்வொன்றுக்கும் ஒரு தனி இடம் ஒதுக்கியிருக்கிறார்கள். ஒரு பொருளை அந்த இடத்தில் மாட்டினால், அடியில் இருப்பதை வரையாமல் விட்டுவிடலாம். தலைக்கவசம் ஏறினால் முடியை வரைகிற வேலை இல்லை.

குரலும் இதில் சேரும். காவலர்கள் ஏராளம், அவர்களுக்குப் பேசிப் பதிவு செய்த குரல்கள் கொஞ்சம்தான். ஒரே வசனத்தைப் பல ஊர்க் காவலர்கள் சொல்வார்கள். முன்பு தானும் சாகச வீரனாக இருந்ததாகவும், முழங்காலில் அம்பு பட்டதால் விட்டுவிட்டதாகவும் ஒரு காவலர் சொல்வார். அடுத்த ஊரில் இன்னொருவரும் அதையே சொல்வார்! எத்தனை முழங்கால், எத்தனை அம்பு! 2011-இல் அந்த வசனம் உலகம் முழுக்கப் பரவிப் பெரிய வேடிக்கையானது. முகம் மூடியிருப்பதால்தான் ஒரே குரலை இத்தனை பேருக்குக் கொடுத்தும் ஓரளவு சமாளிக்க முடிந்தது.

இங்கே உண்மையான வரலாறு ஒன்று சொல்ல வேண்டும். 1066 அக்டோபர் 14. இங்கிலாந்தில் ஹேஸ்டிங்ஸ் போர். நார்மண்டியின் கோமகன் வில்லியம் இறந்துவிட்டார் என்று அவருடைய படைக்குள் வதந்தி பரவியது. வீரர்கள் ஓடத் தொடங்கினார்கள். வில்லியம் என்ன செய்தார் தெரியுமா? தலைக்கவசத்தை மேலே தூக்கித் தன் முகத்தைக் காட்டினார். "இதோ உயிரோடு இருக்கிறேன்!" என்று. அந்தக் காட்சியைக் கம்பளி நூலால் தையல் போட்டு வைத்திருக்கிறார்கள். பிரான்சின் பேயு திரைச்சீலையில் அது இருக்கிறது. ஏறக்குறைய 70 மீட்டர் நீளமுள்ள துணி அது.

வில்லியம் போட்டிருந்த தலைக்கவசத்தில் மூக்கை மறைக்கும் ஒரு பட்டைதான் இருந்தது. அதற்கே சொந்தப் படைக்கு அவரை அடையாளம் தெரியவில்லை. முகம் முழுக்க மூடினால் கேட்கவா வேண்டும்? அடுத்த நூற்றாண்டில் ஐரோப்பிய வீரர்கள் கேடயத்தில் தங்கள் குடும்பத்துக்கென்று ஒரு நிறமும் சின்னமும் தீட்டத் தொடங்கினார்கள். ஆஞ்சு நாட்டின் ஜெஃப்ரி என்பவரின் நினைவுப் பலகை பிரான்சின் லெ மான் நகரில் இருக்கிறது. அதில் அவர் பிடித்திருப்பது நீலக் கேடயம், அதன்மேல் தங்கச் சிங்கங்கள். இது 12-ஆம் நூற்றாண்டைச் சேர்ந்தது.

உண்மை உலகில், முகம் மறைந்ததால் சின்னம் முக்கியமானது. விளையாட்டை உருவாக்கியவர்களுக்கோ முகத்தை மறைப்பதில் லாபம் இருந்தது. சின்னம் அதற்குக் கைகொடுத்தது. குதிரையைப் பார்த்தால் வைட்ரன், ஓநாயைப் பார்த்தால் சாலிட்யூட். முகம் தேவையே படவில்லை.

போகிற போக்கில் கொம்பைப் பற்றியும் சொல்லிவிடுகிறேன். ஸ்கைரிம் விளம்பரப் படத்தில் வரும் கதாநாயகனின் தலைக்கவசத்தில் இரண்டு கொம்புகள் இருக்கும். வட ஐரோப்பாவின் வைக்கிங் வீரர்கள் என்றாலே பலருக்குக் கொம்புதான் நினைவுக்கு வரும். ஆனால் வைக்கிங்குகள் கொம்பு வைத்த தலைக்கவசத்தோடு போருக்குப் போனதற்குச் சான்று இல்லை. 1943-இல் நார்வேயில் யெர்முண்ட்பூ என்ற இடத்தில் 10-ஆம் நூற்றாண்டுத் தலைக்கவசம் ஒன்று கிடைத்தது. உருண்டையான மேல்பகுதி, கண்ணைச் சுற்றிக் கண்ணாடி மாட்டியதுபோல இரும்பு வளையம். கொம்பே கிடையாது. டென்மார்க்கில் கொம்பு வைத்த தலைக்கவசங்கள் கிடைத்திருக்கின்றன. ஆனால் அவை வைக்கிங் காலத்துக்குச் சுமார் 1,700 ஆண்டுகளுக்கு முந்தைய வெண்கலக் காலத்தவை. கொம்பு வைத்த வைக்கிங் நம் மனதில் பதிந்ததற்கு முக்கியக் காரணம், 1876-இல் ஜெர்மனியில் நடந்த, இசையமைப்பாளர் வாக்னரின் இசை நாடகத்துக்கு கார்ல் எமில் டாப்ளர் வரைந்து கொடுத்த மேடை உடைகள்.

வைட்ரன் காவலரின் தலைக்கவசத்தில் கொம்பு இல்லை. யோசித்துப் பாருங்கள், எதிரியின் கோடரி வழுக்கிப் போக வேண்டிய இடத்தில் ஒரு கொம்பு நீட்டிக்கொண்டிருந்தால் அது கோடரிக்குப் பிடிமானம் ஆகிவிடாதா? இந்த விஷயத்தில் கதாநாயகனைவிடக் காவலர்தான் புத்திசாலி என்பேன்.

வட்டக் கேடயமும் வடக்கிலிருந்து வந்ததுதான். 1880-இல் நார்வேயில் கோக்ஸ்டாட் என்ற இடத்தில் ஒரு வைக்கிங் கப்பலைத் தோண்டி எடுத்தார்கள். பக்கத்துக்கு 32 என்று மொத்தம் 64 கேடயங்கள் அதன் விளிம்பில் இருந்தன. ஒன்று மஞ்சள், அடுத்தது கறுப்பு என்று மாற்றி மாற்றி வண்ணம் தீட்டியிருந்தார்கள். ஆயிரம் ஆண்டுகளுக்கு முன்பே ஒரே வடிவம், வேறு நிறம்!

இரவில் வாசலுக்கு வந்தால் காவலரின் கையில் தீப்பந்தம் இருக்கும். இந்த விளையாட்டில் தீப்பந்தத்துக்கும் இடக்கைதான், கேடயத்துக்கும் இடக்கைதான். இரண்டையும் ஒரே நேரத்தில் பிடிக்க முடியாது. பந்தம் பிடித்தால் கேடயம் இல்லை, குதிரைச் சின்னமும் இல்லை. அப்போது அவர் எந்த ஊர் என்று எதை வைத்துச் சொல்வீர்கள்? ஆமாம், மார்பில் சுற்றிய துணியின் நிறத்தை வைத்து!

அந்தத் துணியைப் பற்றி ஒரு சந்தேகம் வர வேண்டும். இவ்வளவு பனி பெய்யும் நாட்டில், கால்வரை தொங்கும் மேலங்கி ஒன்றைப் போட்டுக்கொள்ளாமல் ஏன் துணியை உடம்போடு இறுக்கிச் சுற்றியிருக்கிறார்? விளையாட்டு மனிதர்களுக்குள் எலும்புக்கூடு மாதிரி ஓர் அமைப்பு இருக்கிறது. எலும்பு அசைந்தால் அதோடு கட்டிய முக்கோணங்களும் அசையும். இறுக்கமான உடைக்கு இது போதும். தொங்கும் துணிக்கு எலும்பு ஏது? அது காற்றில் அலைய வேண்டும், முழங்காலில் மோத வேண்டும், வாளுறையில் தட்டி மடிய வேண்டும். இதை ஒவ்வொரு நொடியும் தனியாகக் கணக்குப் போட வேண்டும். கணக்குக் கொஞ்சம் தப்பினாலும் கால் துணியைத் துளைத்துக்கொண்டு வெளியே வந்துவிடும். பார்க்கச் சகிக்காது. இன்றைய இயந்திரங்கள் இதை நன்றாகச் செய்கின்றன. அன்றைக்கு அது பெரிய பாரம்.

இன்னும் ஒரே ஒரு விஷயம். நிறமே ஊரைச் சொல்லிவிடுகிறதே, சின்னம் எதற்கு?

எல்லார் கண்ணும் ஒன்றுபோல் இல்லை. ஐரோப்பிய ஆண்களில் ஏறக்குறைய 12 பேரில் ஒருவருக்குச் சிவப்பையும் பச்சையையும் பிரித்துப் பார்ப்பது கடினம். அவர்களுக்குச் சாலிட்யூட் காவலரும் மார்கார்த் காவலரும் ஒன்றுபோலத் தெரியலாம். கேடயத்தில் ஓநாயா, செம்மறிக்கடாவா என்று பார்த்தால் குழப்பம் தீர்ந்தது. நிறத்தோடு வடிவத்தையும் சேர்த்து வைப்பது நல்ல பழக்கம். உங்கள் வகுப்பிலும் இப்படி ஒரு தோழன் இருக்கலாம். வரைபடத்துக்கு வண்ணம் தீட்டும்போது அவனுக்காகக் கோடுகளையும் புள்ளிகளையும் சேர்த்துப் போடுங்கள்.

நிறம் வெகு தூரத்தில் இருந்து தெரிகிறதா, சின்னம் தெரிகிறதா? இதை நான் சொல்லப் போவதில்லை. நீங்களே கண்டுபிடிக்க முடியும். ஒரு தாளில் உங்கள் உள்ளங்கை உயரத்துக்கு ஒரு காவலரை வரையுங்கள். அதையே நகல் எடுத்து மூன்றாக்குங்கள். துணிக்கு மட்டும் மஞ்சள், சிவப்பு, பச்சை என்று வண்ணம் கொடுங்கள். கேடயத்தில் குதிரை, ஓநாய், கடா. மூன்றையும் வெளிச் சுவரில் ஒட்டி, தோழியைத் தெருமுனையில் இருந்து மெதுவாக நடந்து வரச் சொல்லுங்கள். நிறம் தெரிந்ததும் ஒரு கல். சின்னம் தெரிந்ததும் இன்னொரு கல். இரண்டு கற்களுக்கும் நடுவே எத்தனை அடி?

அதையே மாலையில், விளக்கு போடுவதற்கு முன், நன்றாக இருட்டிக்கொண்டு வரும்போது இன்னொரு முறை செய்யுங்கள். இருட்ட இருட்ட மூன்று காவலர்களில் யாருடைய துணி முதலில் கறுத்துப் போகிறது என்று கவனியுங்கள். 200 ஆண்டுகளுக்கு முன் புர்கின்யே என்ற செக் நாட்டு விஞ்ஞானி, பூக்களை இப்படித்தான் விடியலுக்கு முன்னும் பின்னும் பார்த்துக்கொண்டிருந்தார். மங்கிய வெளிச்சத்தில் வேலை செய்யும் நம் கண்ணின் செல்களுக்கு ஒரு குறிப்பிட்ட நிறம் கிட்டத்தட்டத் தெரியவே தெரியாது. அது எந்த நிறம்? மஞ்சளா, சிவப்பா, பச்சையா? முதலில் ஊகத்தை நோட்டில் எழுதுங்கள், பிறகு சுவரைப் பாருங்கள்.